மாப்பிள்ளையைவிட 12 வயது சின்ன மாமியார்!

முதலில் ஒரு குட்டிக் கணக்கு. பேப்பர், பேனா எல்லாம் தேட வேண்டாம். மனசுக்குள்ளேயே போட்டுவிடலாம்!

1972 மே மாதம் வெளியான ‘பட்டிக்காடா பட்டணமா’ படத்தைத் தியேட்டரிலோ டி.வி-யிலோ எப்போதாவது பார்த்திருப்பீர்கள். சோழவந்தான் மூக்கையாவாக சிவாஜி. லண்டனில் படித்துவிட்டு வந்த கல்பனாவாக ஜெயலலிதா. அந்தக் கல்பனாவுக்கு ஓர் அம்மா உண்டு. பட்டணத்துப் பெருமை தலைக்கேறிய சீமாட்டி. குடுமி வைத்த மாப்பிள்ளையைக் கண்டாலே அந்தம்மாவுக்கு ஆகாது. ‘இந்தப் பொம்பளைக்கு நல்லா வேணும்’ என்று தியேட்டரே கறுவுகிற மாதிரி நடித்திருப்பார்.

இப்போது கணக்கு. படம் வெளியானபோது மாப்பிள்ளை சிவாஜிக்கு வயது 43. மகள் ஜெயலலிதாவுக்கு 24. மாமியாருக்கு..? 31! அதாவது, மாமியார் தன் மாப்பிள்ளையைவிட 12 வயது சின்னவர். பெற்ற மகளைவிட ஏழே வயதுதான் பெரியவர்.

அடுத்து, 37 வருஷங்களை அப்படியே தாண்டி 2009-க்கு வாருங்கள். ‘வேட்டைக்காரன்’ படம். அனுஷ்காவின் பாட்டியாக ஓர் அம்மாள் வருவார். அதற்கு முந்தைய வருஷம் ‘யாரடி நீ மோகினி’யில் நயன்தாரா வீட்டுப் பாட்டியும் அவர்தான். அந்த மாமியாரும் இந்தப் பாட்டிகளும் ஒரே ஆள் என்பதைக் கவனித்தீர்களா?

பெயர் சுகுமாரி. தெரிந்த முகம்தான். பெயர்தான் சட்டென்று நினைவுக்கு வராது. தமிழ்நாட்டில் சுகுமாரிக்கு நேர்ந்தது அதுதான். மலையாளி யாரிடமாவது இந்தப் பெயரைச் சொல்லிப் பாருங்கள், எழுந்து உட்கார்ந்துவிடுவார். ‘எங்க சுகுமாரியம்மாவா?’ என்று ஆரம்பித்துக் குறைந்தது பத்துப் படக் காட்சிகளைச் சொல்வார். நாமோ, ‘ஓ, அந்த மலையாள நடிகையா..?’ என்போம்.

அந்த ‘மலையாள நடிகை’ பிறந்தது நம்ம நாகர்கோவிலில். வளர்ந்தது, ஆடியது, நாடகம் போட்டது, கல்யாணம் பண்ணிக்கொண்டது, கடைசி மூச்சை விட்டது எல்லாம் நம்ம சென்னையில்!

*

1940, அக்டோபர் 6. நாகர்கோவில் அப்போது திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. (மொழிவாரி மாநிலங்கள் பிரிந்து, கன்னியாகுமரி மாவட்டம் தமிழகத்தோடு சேர்ந்த 1956 நவம்பரில் சுகுமாரிக்கு வயது 16. அதற்கு ரொம்ப முன்பாகவே அவர் மெட்ராஸுக்கு வந்துவிட்டார்.) வந்து சேர்ந்த இடம் சாதாரண இடமில்லை – ‘திருவிதாங்கூர் சகோதரிகள்’ லலிதா, பத்மினி, ராகினி வீடு! மூன்று பேரும் சுகுமாரிக்கு அக்கா முறை. ஜெமினி ஸ்டுடியோவில் உதயசங்கர் எடுத்த ‘கல்பனா’ (1948) படத்தில் ஆடி, ஊரையே திரும்பிப் பார்க்க வைத்த குடும்பம் அது.

அந்த வீட்டில் சலங்கைச் சத்தம் கேட்காமல் குழந்தை வளருமா? சுகுமாரியும் ஆடினார். பத்மினியின் நாட்டியக் குழுவோடு ஊர் ஊராகப் போனார். 1951-ல் ஏவி.எம். தயாரித்த, அண்ணா எழுதிய ‘ஓர் இரவு’ படத்தில் தலைகாட்டியபோது அவருக்கு வயது பத்து.

‘மூன்று அக்காக்களில் நடு அக்கா பத்மினி ஒரு பக்கம் சூப்பர் ஹீரோயின். அந்த வீட்டுப் பெண்ணாச்சே... இவரும் கதாநாயகி ஆகியிருக்க வேண்டியதுதானே?’ என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால், சினிமாவில் சில முகங்களுக்கு ஒரு விசித்திரம் நடக்கும். ஆரம்பத்திலேயே தோழி, அக்கா, டான்ஸர் என்று ஒரு பட்டியலில் பெயர் ஏறிவிட்டால், அந்தப் பட்டியலிலிருந்து இறங்குவது பெரும்பாடு. இறங்கினாலும் ‘அம்மா’ என்ற அடுத்த பட்டியலுக்குத்தான் போவார்கள்!

இந்த இடத்தில் கோடம்பாக்கத்து பாஷையைக் கொஞ்சம் தெரிந்துகொள்வது நல்லது. ‘துணை நடிகை’ வேறு, ‘குணச்சித்திர நடிகை’ வேறு. கூட்டத்தில் நிற்பவர் துணை நடிகை. கதையில் பெயரும் உறவும் உள்ளவர் குணச்சித்திர நடிகை – ஸ்டுடியோ ஆட்கள் வாயில் ‘கேரக்டர் ஆர்ட்டிஸ்ட்’. பெயர் என்னவோ கம்பீரமாகத்தான் இருக்கிறது. பெண்களுக்கு அந்தக் ‘குணச்சித்திரம்’ என்பது பெரும்பாலும் மூன்றே சித்திரங்கள்தான் – அழுகிற அம்மா, அதட்டுகிற மாமியார், சிரிக்க வைக்கிற வேலைக்காரி.

பண்டரிபாயை எடுத்துக்கொள்ளுங்கள். 1952-ல் ‘பராசக்தி’யில் சிவாஜிக்கு ஜோடி. சிவாஜியின் முதல் ஹீரோயின்களில் ஒருவர்! பதினேழே வருஷத்தில், ‘தெய்வ மகன்’ படத்தில் அப்பா சிவாஜிக்கு மனைவி, இரண்டு மகன் சிவாஜிகளுக்கு அம்மா. சிவாஜி அந்த 17 வருஷத்தில் மூன்று பேராகப் பெருகிவிட்டார். பண்டரிபாய் தலையில் நரைதான் ஏறியது. 1992-ல் ‘மன்னன்’ படத்தில் அவரே ரஜினிக்கும் அம்மா.

மனோரமா கதை வேறு மாதிரி. ‘மாலையிட்ட மங்கை’யில் (1958) நகைச்சுவை வேஷம் என்றதும் அவர் தயங்கியபோது, கவிஞர் கண்ணதாசன் எடுத்துச் சொன்ன விஷயத்தை ஆச்சி பல பேட்டிகளில் நினைவுகூர்ந்திருக்கிறார். கதாநாயகியாக நடித்தால் மூன்று, நாலு வருஷத்தில் ஒதுக்கிவிடுவார்கள். நகைச்சுவைக்குப் போனால் ரொம்ப காலம் நிற்கலாம் என்பது அதன் சாரம். கவிஞர் வாக்கு பலித்தது. மனோரமா 2015-ல் மறையும்வரை நின்றார்!

சுகுமாரிக்கு அப்படி யாரும் ஜோசியம் சொன்னதாகத் தெரியவில்லை. அவர் தானாகவே அந்த வழியைப் பிடித்துக்கொண்டார்.

*

கல்யாணம் 1959-ல். மாப்பிள்ளை, டைரக்டர் ஏ.பீம்சிங். ‘பாகப்பிரிவினை’, ‘பாவமன்னிப்பு’, ‘பாசமலர்’, ‘பாலும் பழமும்’ என்று ‘பா’ வரிசைப் படங்களால் தமிழ்நாட்டுத் தாய்மார்களின் முந்தானைகளை நனைய வைத்த அதே பீம்சிங்தான். அவருக்கு அது இரண்டாவது திருமணம். அவர்களுக்கு ஒரு மகன்.

இதற்கு நடுவே சுகுமாரிக்கு இன்னொரு வீடு கிடைத்தது. சபா நாடக மேடை!

அறுபதுகளின் மெட்ராஸை ஒரு நிமிஷம் கண்முன் கொண்டுவாருங்கள். டி.வி. கிடையாது. சனி, ஞாயிறு சாயந்திரம் என்றால் மயிலாப்பூர், தி.நகர் மத்தியதரக் குடும்பங்களுக்குப் பெரிய பொழுதுபோக்கு சபாக்கள்தான். சுந்தரேஸ்வரர் தெருவில் ரசிக ரஞ்சனி சபா, ஜி.என்.செட்டி ரோட்டில் வாணி மகால், இன்னும் கிருஷ்ண கான சபா, மயிலாப்பூர் ஃபைன் ஆர்ட்ஸ்... உறுப்பினர் சந்தா கட்டிவிட்டால் மாசத்துக்குக் கச்சேரி, நாடகம் எல்லாம் அதிலேயே அடக்கம். (வாணி மகால் உருவாகப் பாடுபட்டவர் யார் தெரியுமோ? நடிகர் சித்தூர் வி.நாகையா. ‘தியாகய்யா’வாக நாட்டையே உருக்கிய அந்த ஹீரோவும் பின்னாளில் அப்பா வேஷங்களில்தான் காலம் தள்ளினார். ஆண்களுக்கும் இந்தக் கதி உண்டு... என்ன, கொஞ்சம் லேட்டாக வரும்!)

சபா நாடகக் குழுக்களில் ஒரு வேடிக்கை. ஆண்கள் எல்லாம் ‘அமெச்சூர்’. பகலில் பாங்க், இன்ஷூரன்ஸ் கம்பெனி, கோர்ட் என்று உத்தியோகம். சாயந்திரம் ஆறு மணிக்கு மேல் அரிதாரம். நாடகம் அவர்களுக்கு ஆசை. பெண் வேஷத்துக்கு மட்டும் வீட்டுப் பெண்களை மேடையேற்றப் பெரும்பாலானவர்களுக்கு மனசு வராது. ஆகவே, தொழில்முறை நடிகைகளை ஒரு காட்சிக்கு இவ்வளவு என்று பேசி அழைத்து வருவார்கள். ஒரே மேடையில் ஆணுக்கு அது பொழுதுபோக்கு, பெண்ணுக்கு அது பிழைப்பு! அடுத்த நாள் காலையில் அவர்கள் ஆபீஸுக்குப் போவார்கள், அந்தப் பெண் அடுத்த நாடக ஒத்திகைக்குப் போவாள். அந்தக் கால நாடக விமரிசனங்களைப் புரட்டினால் ஆண்களின் வசன உச்சரிப்பு பற்றிப் பத்தி பத்தியாக இருக்கும். நடிகைகளுக்குக் கடைசியில் ஒரு வரி கிடைத்தால் அதிர்ஷ்டம்.

சோவின் ‘விவேகா ஃபைன் ஆர்ட்ஸ்’ குழுவும் இந்த வகைதான். சோ அப்போது வக்கீல். நீலு உள்பட நண்பர் பட்டாளம் கூட. அந்தப் பட்டாளத்தின் நடுவே ஆண்டுக்கணக்கில், ஆயிரக்கணக்கான காட்சிகளில் ஈடுகொடுத்து நின்றவர் சுகுமாரி. சோவின் நாடகம் என்றால் லேசுப்பட்ட விஷயமில்லை. அன்றன்றைய அரசியலுக்கு ஏற்ப மேடையிலேயே வசனம் மாறும். எதிராளி என்ன சொல்வார் என்று முன்கூட்டியே தெரியாது. சபை சிரித்து முடிக்கும்வரை காத்திருந்து, அரை விநாடி முந்தாமல் பிந்தாமல் பதிலடி கொடுக்க வேண்டும். தவறினால் ஜோக் செத்துவிடும்!

‘முகமது பின் துக்ளக்’ 1968-ல் மேடையேறி, 1971-ல் சோவின் டைரக்‌ஷனிலேயே சினிமாவானபோது, சுகுமாரியும் மனோரமாவும் அதில் இருந்தார்கள். ஒரே படத்தில் இரண்டு சக்கரவர்த்தினிகள். போஸ்டரில் சோ முகம்தான் பெரிசு என்பதைச் சொல்லவும் வேண்டுமா?

என்னைக் கேட்டால், சுகுமாரி படித்த நடிப்புக் கல்லூரி இந்த சபா மேடைதான் என்பேன். பின்னாளில் மலையாளத்தில் அவர் வெடித்துக் கிளப்பிய நகைச்சுவையின் டைமிங் எல்லாம், மயிலாப்பூர் மாமாக்கள், மாமிகள் முன்னால் தீட்டிய கத்திதான்.

*

1978 ஜனவரியில் பீம்சிங் காலமானார். அவருக்கு 53 வயது. சுகுமாரிக்கு 37. கையில் வளர்கிற பிள்ளை.

அவர் அடுத்து என்ன செய்தார் என்பதற்கு பதில் ரொம்ப எளிது. வேலைக்குப் போனார். அவ்வளவுதான். காலையில் ஒரு செட், மதியம் இன்னொன்று... கேரக்டர் ஆர்ட்டிஸ்ட் வாழ்க்கை அதுதான். ஹீரோ, ஹீரோயின் தேதிகள்தான் முதலில் முடிவாகும். அதில் இடுக்கு பார்த்து அம்மா, மாமியார் தேதிகளைச் சொருகுவார்கள். ஒரு படத்துக்கு மூன்று நாள், நாலு நாள் வேலை. கூலியும் அதற்கேற்ற மாதிரிதான். ஆகவே, நிறையப் படம் ஒப்புக்கொண்டால்தான் அடுப்பு எரியும்.

அவர் மறைந்தபோது பத்திரிகைகள் ‘2,500 படங்களுக்கு மேல் நடித்தவர்’ என்று எழுதின. நம்ப முடிகிறதா? வகுத்துப் பார்ப்போம். 1951 முதல் 2013 வரை 62 வருஷம். வருஷத்துக்கு 40 படம். ஹீரோவுக்கு இது நடக்காத காரியம். படத்துக்கு நாலு நாள் என்று போட்டால் 40 படத்துக்கு 160 நாள்தான் ஆகிறது. ஓயாமல் உழைக்கிற கேரக்டர் ஆர்ட்டிஸ்ட்டுக்குச் சாத்தியம்தான்! மற்றபடி, யாரும் உட்கார்ந்து ஒவ்வொன்றாக எண்ணினார்களா என்றெல்லாம் கேட்கக்கூடாது. எண்ணி வைக்கிற அளவுக்கு இந்த நடிகைகளை யாரும் பொருட்படுத்தியதில்லை என்பதுதான் விஷயம்.

அந்த நாளில் மலையாளப் படங்களில் பாதிக்கு மேல் நம்ம கோடம்பாக்கத்தில்தான் உருவாயின. கேரளத்தில் உதயா, மெரிலேண்ட் என்று ஸ்டுடியோக்கள் இருந்தாலும் லேப், ரெக்கார்டிங், டெக்னீஷியன்கள் எல்லாம் இங்கேதான். பிரேம் நசீரே மெட்ராஸ்வாசி! எண்பதுகளில் நிலைமை மாறியது. திருவனந்தபுரத்தில் அரசாங்கமே சித்ராஞ்சலி ஸ்டுடியோவைக் கட்டியது. கதைகளும் செட்டை விட்டு வெளியேறி, நிஜமான கேரளத்து வீடுகளுக்கும் வயல்களுக்கும் போய்விட்டன. மலையாள சினிமா மூட்டை கட்டிக்கொண்டு ஊர் திரும்பியது. இங்கேயும் பழைய ஸ்டுடியோக்கள் ஒவ்வொன்றாக மூச்சை நிறுத்தின. அடையாறில் எம்.ஜி.ஆரின் சத்யா ஸ்டுடியோ இருந்த இடத்தில் பெண்கள் கல்லூரி வந்தது.

சினிமா ஊர் திரும்பினாலும், சுகுமாரி திரும்பவில்லை. அவருக்குச் சென்னைதான் ஊர். வேலைக்கு மட்டும் கேரளம் போய் வந்தார்.

போய் அவர் அங்கே பண்ணியதைப் பார்த்தால், நமக்கு ஒரு பொறாமையே வரும். நாம் அவருக்குக் கொடுத்தது பணக்கார மாமியார் வேஷம். மலையாளிகள் என்னவெல்லாம் கொடுத்தார்கள் பாருங்கள்! பிரியதர்ஷனின் ‘பூச்சக்கொரு மூக்குத்தி’யில் (1984) மேல்தட்டுச் சீமாட்டி. ‘போயிங் போயிங்’கில் (1985) இங்கிலீஷைத் துவம்சம் பண்ணுகிற சமையல்காரி. அடுத்த வருஷமே பத்மராஜனின் ‘அரப்பட்ட கெட்டிய கிராமத்தில்’ படத்தில் விபசார விடுதி நடத்துகிற பெண்மணி. 2002-ல் அடூர் கோபாலகிருஷ்ணனின் ‘நிழல்குத்து’ படத்தில், தூக்குப் போடுகிற தொழிலாளியின் மனைவி. திருவிதாங்கூர் சமஸ்தானத்துக் கடைசி நாட்களின் கதை அது – அதாவது, சுகுமாரி பிறந்த மண்ணின், பிறந்த காலத்தின் கதை!

இதில் ஒன்றைப் பற்றி மட்டும் நின்று பேசியாக வேண்டும். 1989-ல் லோகிததாஸ் எழுதி, சிபி மலயில் இயக்கிய ‘தசரதம்’. மோகன்லால் அதில் தாய்ப்பாசமே தெரியாமல் வளர்ந்த பணக்காரன். வாடகைத் தாய் மூலம் குழந்தை பெற்றுக்கொள்கிறான். (அந்தக் காலத்தில் இது எவ்வளவு பெரிய துணிச்சல்!) வாடகைத் தாயாக, நம்ம ‘கடலோரக் கவிதைகள்’ ரேகா. பெற்ற பிறகு அவளால் பிள்ளையைக் கொடுக்க முடியவில்லை. கடைசியில் அவனே குழந்தையைத் திருப்பித் தந்துவிடுகிறான். வீட்டில் மேகி என்று ஒரு வயசான வேலைக்கார அம்மாள். அது சுகுமாரி. அந்த அம்மாளிடம் வந்து, அவள் தன் குழந்தையை நேசிப்பதுபோல் உங்களால் என்னை நேசிக்க முடியுமா என்று கேட்கிறான் மோகன்லால். பணத்தை வீசியே பழக்கப்பட்டவன் கை நீட்டி யாசகம் கேட்கிறான்!

மலையாளிகள் இன்றைக்கும் அந்தக் காட்சியைப் பற்றிப் பேசும்போது மோகன்லாலைத்தான் சொல்வார்கள். தப்பில்லை, பிரமாதமான நடிப்பு. நான் சொல்ல வருவது வேறு. படம் முழுக்க வீட்டின் மூலையில் இருந்த ஒரு வேலைக்காரி, கடைசி இரண்டு நிமிஷத்தில் அந்த வீட்டின் தாயாக மாற வேண்டும். அதற்கு முந்தைய இரண்டு மணி நேரமும் பார்ப்பவர்கள் அந்த அம்மாளை நம்பியிருக்க வேண்டும். இல்லாவிட்டால், மோகன்லாலின் கேள்வி அந்தரத்தில் நின்றுவிடும். அடுத்தவர் ஜொலிப்பதற்குச் சுவராக நிற்பது – அதுதான் குணச்சித்திர நடிப்பு. சுவரை யாரும் பாராட்டுவதில்லை.

*

பரிசு தருகிறவர்களுக்கே இந்த விஷயம் லேட்டாகத்தான் உறைத்தது. ஹாலிவுட்டில் 1937-ல் நடந்த ஆஸ்கர் விழாவில்தான் முதன்முதலாகத் துணைப் பாத்திரங்களுக்கும் விருது கொடுத்தார்கள். அதிலும் ஒரு ஓரவஞ்சனை! ஹீரோ, ஹீரோயினுக்குத் தங்க நிறச் சிலை. இவர்களுக்கு ஒரு தகடு மட்டும்! முழுச் சிலை கைக்கு வர மேலும் சில வருஷங்கள் ஆயின. நம் நாட்டில் 1967-ஆம் ஆண்டுப் படங்களிலிருந்து சிறந்த நடிகர், நடிகை தேசிய விருது ஆரம்பமானது. துணைப் பாத்திரங்களுக்கு? 1984-ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான். பதினேழு வருஷம் சுவர்கள் வெறும் சுவர்களாகவே நின்றன. மனோரமா ‘புதிய பாதை’க்காக (1989) அதை வாங்கினார். கேரள அரசு பரவாயில்லை, சுகுமாரிக்குப் பல தடவை பரிசு கொடுத்தது. ஆனால், பிரிவின் பெயர்..? ‘இரண்டாவது சிறந்த நடிகை’!

2003-ல் பத்மஸ்ரீ வந்தது. தேசிய விருது வர எழுபது வயது ஆக வேண்டியிருந்தது. மோகன் சர்மா இயக்கிய ‘நம்ம கிராமம்’ படத்துக்காக, 2010-ஆம் ஆண்டின் சிறந்த துணை நடிகை சுகுமாரி. சுதந்திரத்துக்கு முந்தைய பாலக்காட்டு அக்ரகாரம்தான் களம். குழந்தைப் பருவத்திலேயே தாலி இழந்த பெண்ணுக்கு அந்த வீட்டு விதவைப் பாட்டி துணையாக நிற்கிறாள். தான் அனுபவித்த கொடுமையைப் பேத்தி அனுபவிக்க விடமாட்டேன் என்கிற வைராக்கியம் அந்தப் பாட்டிக்கு. அதே வருஷம் சிறந்த நடிகை விருதைப் பகிர்ந்துகொண்டவர்களில் ஒருவர் ‘தென்மேற்குப் பருவக்காற்று’ சரண்யா. அதுவும் அம்மா வேஷம்தான்! கோடம்பாக்கத்து அம்மாக்களுக்கும் பாட்டிகளுக்கும் அது ஒரு பொன் வருஷம்.

இப்படி முதுமையில் வெளிச்சம் வருவது எங்கேயும் நடக்கிறதுதான். பிரிட்டனில் வேல்ஸ் என்று ஒரு சின்னப் பிரதேசம். தனி மொழி, தனிப் பெருமை. பிழைப்பு தேடி நடிகர்கள் போவது என்னவோ லண்டனுக்கு. அங்கே ஸ்வான்ஸி என்ற ஊரில் 1926-ல் பிறந்த மார்கரெட் ஜான், ஐம்பது வருஷத்துக்கும் மேலாக டி.வி. நாடகங்களில் சின்னச் சின்ன வேஷம் கட்டினார். ‘கேவின் அண்ட் ஸ்டேஸி’ தொடரில் குறும்புக்காரப் பக்கத்து வீட்டுப் பாட்டியாக அவர் நாடறிந்த முகமானபோது வயது எண்பதைத் தொட்டிருந்தது! ‘கேம் ஆஃப் த்ரோன்ஸ்’ தொடரில் கதை சொல்லும் கிழவியாக நடித்துக் கொடுத்துவிட்டு, அது ஒளிபரப்பாகும் முன்பே 2011-ல் இறந்துபோனார்.

நம் ஊரிலும் வயசான நடிகைகளுக்கு டி.வி-தான் கைகொடுத்தது. 1975 ஆகஸ்ட் 15-ல் சென்னைத் தொலைக்காட்சி நிலையம் வந்ததும், சபாக் கூட்டம் மெல்ல மெல்ல வரவேற்பறைக்கு இடம் மாறிவிட்டது. ‘இனிமே யாரு டாக்ஸி பிடிச்சு வாணி மகாலுக்குப் போறது..?’ செவ்வாய்க்கிழமை நாடகம் வீட்டுக்கே வந்துவிட்டதே! அடிபட்டது சபா நடிகைகளின் பிழைப்பு. பிறகு சாட்டிலைட் சேனல்கள் வந்து, மெகா சீரியல்கள் பெருகியபோது அதே டி.வி. அந்தக் கடனைத் தீர்த்தது. சினிமா மறந்த அம்மாக்களுக்கு தினமும் வேலை! ‘சர்வர் சுந்தரம்’ படத்தில் நாகேஷின் அம்மாவாக நம்மை அழ வைத்த எஸ்.என்.லட்சுமி, 2012 பிப்ரவரியில் மறைவதற்குச் சற்று முன்புவரை ‘சரவணன் மீனாட்சி’யில் பாட்டியாக நடித்தார். சுகுமாரியும் சினிமாவோடு சீரியல்களிலும் நடித்துக்கொண்டுதான் இருந்தார். ஓய்வு என்ற வார்த்தையே அவர் அகராதியில் இல்லை.

2013 பிப்ரவரி. சுகுமாரிக்கு தெய்வ பக்தி அதிகம். சென்னை வீட்டின் பூஜையறையில் விளக்கேற்றும்போது தீப்பற்றி, உடம்பில் பலத்த காயம். மருத்துவமனையில் சேர்த்தார்கள். வாரக்கணக்கில் போராட்டம்.

அப்போது தமிழக முதலமைச்சர் ஜெயலலிதா. அவர் மருத்துவமனைக்கு நேரில் போய்ப் பார்த்துவிட்டு வந்தார். அவருடைய நிஜ அம்மா சந்தியாவும் ஒரு காலத்தில் குணச்சித்திர நடிகைதான். ‘பட்டிக்காடா பட்டணமா’ வெளியாவதற்குச் சில மாசங்கள் முன்பு, 1971-ல் சந்தியா காலமாகியிருந்தார். நாற்பத்தோரு வருஷம் கழித்து, படத்து அம்மாவின் படுக்கையருகே படத்து மகள்.

2013 மார்ச் 26 அன்று சுகுமாரி மறைந்தார். வயது 72. இரண்டு வாரம்கூட ஆகவில்லை, ஏப்ரல் முதல் வாரத்தில் மம்மூட்டி நடித்த ‘இம்மானுவல்’ படம் கேரளத் தியேட்டர்களுக்கு வந்தது. அதில் இன்ஷூரன்ஸ் கம்பெனியின் கெடுபிடிகளுக்கு நடுவே தன் பணத்துக்காகக் காத்திருக்கும் கதீஜும்மா என்கிற ஏழை முஸ்லிம் மூதாட்டி ஒருவர் வருகிறார். தலையில் முக்காடு போட்டுக்கொண்டு, அதே சுகுமாரி.